கம்பமோ கம்பியோ

நீதிமன்ற வாசலில் தட்டச்சு மேசை போட்டிருந்தவரை எல்லோரும் 'பிழையில்லாதவர்' என்றுதான் கூப்பிட்டார்கள். பாதி மரியாதை, பாதி கிண்டல். வக்கீல்களே மனுவைக் கொடுத்துவிட்டு, "ஐயா, ஒரு தடவ கண்ணால பார்த்துடுங்க" என்று காத்து நிற்பார்கள். ஒற்றெழுத்து விட்டுப்போன மனுவைக் கண்டால் அவருக்குச் சோறு இறங்காது. முப்பது வருடம் ஊரார் வழக்கையெல்லாம் அடித்துக் கொடுத்தவருக்குச் சொந்த வழக்கு என்று ஒன்று வந்தபோது, வக்கீல் வைக்காமல் தானே எழுதிக்கொண்டார். அங்கேதான் விதி காலை வாரிவிட்டது. விதியை எதற்குச் சொல்ல வேண்டும், தலைக்கனம் என்றே சொல்லிவிடலாம்.

வாடகை வீட்டிலேயே காலம் தள்ளிய அவரும் மனைவியும் ஊருக்கு வெளியே சின்ன மனை ஒன்று வாங்கியிருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த அம்மாள் சுண்ணாம்புப் பொடியால் தரையில் கோடு போட்டு அறை பிரிப்பார்.

"இது கூடம். இது சமையலறை. ஜன்னல் கிழக்கால வைக்கணுங்க. காலைல விளக்குப் போடாம சமைக்கணும் எனக்கு."

வாடகை வீட்டுச் சமையலறையில் பட்டப்பகலிலும் பல்பு எரிய வேண்டும். மழையில் கோடு அழிந்தால் அடுத்த வாரம் மறுபடி போடுவார்.

ஒருநாள் போனபோது அந்தக் கூடத்துக்கு நடுவில் சிவப்புச் சாயம் பூசிய கல் நட்டிருந்தது. அந்த வழியாக மின்பாதை போகிறதாம், கல் இருக்கும் இடத்தில் கம்பம் வருமாம். பிழையில்லாதவர் கொதித்துப்போனார். அன்றே உட்கார்ந்து மனு அடித்தார். 'மேற்படி மனையில் மின்கம்பம் எதுவும் நடக் கூடாதென உத்தரவிடுமாறு கோருகிறேன்' என்று முடித்து, மூன்று முறை படித்தார். ஒரு புள்ளி தவறவில்லை.

இரண்டு வருடம் வாய்தா மேல் வாய்தா. கடைசியில் தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. மனுதாரர் கோரியபடியே உத்தரவு. வாசலில் மேசை போட்டிருந்த அத்தனை பேரும் வந்து கைகுலுக்கினார்கள். அம்மாள் கொத்தனாருக்குச் சொல்லியனுப்பினார்.

மூன்று வாரம் கழித்து நூல் பிடிக்க வந்த கொத்தனார், நூலை எடுக்காமல் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றார். மனைக்கு இந்தப் புறம் வெளியே ஒரு கம்பம், அந்தப் புறம் வெளியே ஒரு கம்பம். நடுவே, மனைக்குக் குறுக்காக மூன்று கம்பிகள்.

"கம்பிக்குக் கீழ கட்ட விடமாட்டாங்கம்மா. பக்கவாட்டுலயும் இடம் விடணும். மிச்சத்துல ஒரு கட்டில் போடலாம், அவ்ளோதான்."

அலுவலகத்துக்கே கேட்கப் போனவரிடம் மின்துறை அதிகாரி தீர்ப்பை எடுத்து மரியாதையாகவே காட்டினார். "உங்க மனைல ஒரு கம்பமும் நடலையே சார். நீங்க கேட்டது கம்பத்தைப் பத்தித்தானே?"

அவர் தன் மனுவை அங்கேயே நின்று படித்தார். கம்பி என்ற சொல் ஓரிடத்திலும் இல்லை. கல்லைக் கண்ட ஆத்திரத்தில் அந்தக் கல்லைப் பற்றி மட்டுமே எழுதியிருந்தார். மேல்முறையீடும் எடுபடவில்லை. கேட்டதுதான் கிடைத்துவிட்டதே, பிறகு எதற்கு வந்தீர்கள் என்றார்கள்.

மனைவி திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது அவருக்கு. சுண்ணாம்பு டப்பாவை மட்டும் தூக்கிப் பரணில் போட்டார்.

அதன்பின் மின்பாதை வழக்கென்று யார் வந்தாலும், மனுவை எந்த வக்கீல் எழுதியிருந்தாலும், 'கம்பமோ கம்பியோ, தரையிலோ தரைக்கு மேலோ' என்று ஒரு வரியைச் சேர்க்காமல் அவர் தாளை உருவியதில்லை. இளம் வக்கீல்கள் சிரித்தார்கள். சிரிக்கட்டும், அவர்களுக்கென்ன தெரியும்!

சில வருடங்கள் போனபின் ஒரு மாலை, மேசையை மூடும் நேரத்தில், முன்பு அவரிடம் மனு அடித்துக்கொண்டு போன ஒரு பெண் தேடி வந்தாள். அந்த ஒரு வரியால்தான் மின்பாதை தன் மனையைச் சுற்றிக்கொண்டு போயிற்றென்றும், வீடு கட்டிக் குடிவந்துவிட்டோமென்றும் சொல்லி அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அவருக்கும் அழுகை வந்தது.

வீட்டுக்கு வந்ததும் வராததுமாக மனைவியிடம் அதைச் சொன்னார். பல்பு வெளிச்சத்தில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த அம்மாளின் கை நின்றது.

"அவங்க வீட்டுல சமையலறை எந்தப் பக்கம்?"

"அதைக் கேக்கலியே."

"நீங்க என்னைக்குத்தான் முழுசா கேட்டீங்க?"

இத்தனை வருடத்தில் அந்த அம்மாள் அதைப் பற்றிச் சொன்னது அது ஒன்றுதான். அவர் சட்டையைக் கூடக் கழற்றாமல் பக்கத்தில் உட்கார்ந்து, மீதி வெங்காயத்தை வாங்கி உரிக்கத் தொடங்கினார்.