சுண்ணாம்புக்கு அடியில் ஒரு பெயர்

ஆம்பூரில் நான் வேலை செய்யும் ஷூ கம்பெனிக்கு வருஷம் ஒருமுறை இத்தாலியிலிருந்து தோல் பார்க்க ஒரு பெரியவர் வருவார். எங்கள் வீட்டில் முதலில் படித்தவன் நான். அவரோடு ஆங்கிலம் பேச என்னைத்தான் அனுப்புவார்கள். போன நவம்பரில், இதுதான் கடைசிப் பயணம் என்றவர், ஓர் உதவி கேட்டார்.

இரண்டாம் உலகப்போரில் பிடிபட்ட அவருடைய அப்பாவையும் பெரியப்பாவையும் பெங்களூர் கைதி முகாமுக்கு ரயிலில் கொண்டுபோனார்கள். வழியில் காய்ச்சல் கண்டு பெரியப்பா செத்துப்போனார். வண்டியை ஜோலார்பேட்டையில் ஒரு நாள் நிறுத்தி, அங்கேயே புதைத்தார்கள். மேலே பூசிய ஈரச் சிமெண்டில் அப்பாவே ஆணியால் அண்ணன் பெயரைக் கீறினாராம். அந்தப் பெயரை யாராவது போய்ப் பார்க்கவேண்டும் என்று சாகும்வரை கேட்டுக்கொண்டே இருந்தாராம்.

ஜோலார்பேட்டைதான் என் ஊர். எங்கள் தாத்தா கல்லறைக்குப் பக்கத்தில் 'வெள்ளைக்காரர் கல்லறை' ஒன்று உண்டு. கல்லறைத் திருநாளுக்கு முன்னால், தாத்தாவுக்கு அடித்து மீந்த சுண்ணாம்பை அம்மா அதற்கும் அடிப்பாள்.

ஞாயிற்றுக்கிழமை அழைத்துப்போனேன். ரயில்வே துரைமார் சிலரையும் அந்தக் கல்லறைத் தோட்டத்தில் புதைத்திருப்பதை வழியில் சொன்னேன். அவர் படமெடுக்க போனைக் கையிலேயே வைத்திருந்தார். அம்மாவும் வந்தாள்.

"இன்னாடா, வெயில்ல இப்டி செவந்துட்டாரு? தொப்பியப் போட்டுக்கச் சொல்லு."

சுண்ணாம்பு அடித்து ஒரு வாரம்கூட ஆகவில்லை. கல்லறையைப் பார்க்கவே கண் கூசியது. எழுத்து ஒன்றும் தெரியவில்லை. அம்மாவிடம் விஷயத்தைச் சொன்னேன்.

"ஐயோ, எங்க மாமியாரு காலத்துலேர்ந்து அடிக்கிறோமேடா!"

இடுப்பிலிருந்த சாவியை எடுத்துச் சுரண்டினாள். சுண்ணாம்பு ஏடு ஏடாகப் பெயர்ந்தது. கூடவே சிமெண்டும் பொடிந்து விழுந்தது. உள்ளே செங்கல். பெரியவர் அவள் மணிக்கட்டை மெல்லப் பிடித்து நிறுத்தினார்.

"மன்னிச்சிக்கச் சொல்லுடா. சுத்தமா இருக்கட்டும்னுதான் அடிச்சோம்."

சொன்னேன்.

"பேரையாவது கேளு. இனிமே பேரச் சொல்லி மெழுகுவத்தி ஏத்துறேன்."

அதையும் சொன்னேன். அவர் செங்கல்லைப் பார்த்தபடியே கேட்டார்: "இதுவரை என்ன சொல்லி ஏற்றினார்களாம்?"

"யாரு பெத்த புள்ளையோன்னு."

அதை ஆங்கிலத்தில் சொன்னேன்.

"அப்படியே சொல்லட்டும்," என்றார். "இது என் பெரியப்பா இல்லையென்றால், அவர் பெயரைச் சொல்லப்போய் உள்ளே இருப்பவனுக்கு அதுவும் இல்லாமல் போய்விடும்."

போனைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார்.