வெள்ளிக்கிழமை மௌனம்

என்னோடு சேர்ந்து கும்பிடுகிறவர்களே, எனக்கு வந்த கஷ்டம் தரையில் கிடந்த ஒரு பிளக்கில் ஆரம்பித்தது.

அரசு மிருக ஆஸ்பத்திரி ஒன்றில் மருந்து ஸ்டோர் என் பொறுப்பு. மலையாளக் கர்க்கடக மாத மழையில் ஸ்டோர் சுவர் ஒழுகியதால், தடுப்பூசி ஃபிரிட்ஜை ஹாலில் கொண்டுவந்து போட்டிருந்தோம். ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் அதே ஹாலில், ரிட்டயர் ஆகும் அட்டெண்டர் பாஸ்கரன் சேட்டனுக்கு செண்டாஃப். ஏற்பாடெல்லாம் எங்கள் சூப்ரண்டு சார். மைக் வருவதற்கு முன்பே அவரிடம் சொல்லிக்கொண்டு கிளம்பிவிட்டேன். ஃபிரிட்ஜில் பச்சை விளக்கு எரிந்தது. பார்த்துவிட்டுத்தான் போனேன்.

திங்கட்கிழமை பிளக் தரையில் கிடந்தது. மருந்தெல்லாம் வீண். நடந்ததைப் பற்றி ரிப்போர்ட் எழுதியவரும் சூப்ரண்டு சார்தான். ஸ்டோர்காரியின் அலட்சியம் என்று எழுதினார். சஸ்பென்ஷன் வந்தது, குற்றச்சாட்டு மெமோ வந்தது. என்ன நடந்தது என்று ஒருவரும் என்னைக் கேட்கவில்லை. ஓர் ஆளைக் கேட்காமலே அவளைப் பற்றி இவ்வளவு எழுத முடியுமா என்று அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தேன். வேலை போனால் போகட்டும். அலட்சியக்காரி என்ற பெயரோடு இந்த வலியசாலைத் தெருவில் எப்படி நடப்பேன்?

கோட்டைப் பிள்ளையாரிடம் போனேன். "என் பக்கம் பேச யாரையாவது அனுப்பு" என்று கேட்டேன். நேர்த்திக்கடனாக வெள்ளிக்கிழமைதோறும் மௌனம் எடுத்தேன். காலையிலிருந்து விளக்கு வைக்கும்வரை பேச்சில்லை, எழுதிக் காட்டுவதும் இல்லை. "கல்யாணம் ஆனதிலேர்ந்து நான் கேட்டுக் கிடைக்காதது, பிள்ளையாருக்குக் கிடைச்சுடுத்தே" என்றார் என் ஆத்துக்காரர். சிரிக்க வைக்கப் பார்த்தார், பாவம்.

விசாரணைக்குத் தேதி வந்தது. அது வெள்ளிக்கிழமை.

தேதி மாற்றிக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. நான் வாயை மூடினால் பிள்ளையார் வாயைத் திறப்பார் என்று நினைத்தேன். பக்தியில் இப்படியும் ஒரு மூடத்தனம் உண்டு. அது பக்தி மாதிரியே நெற்றியில் விபூதி பூசிக்கொண்டு வரும்.

விசாரணை அதிகாரி வேறு ஜில்லாவிலிருந்து வந்த ஓர் அம்மா. குற்றச்சாட்டைப் படித்துக் காட்டி, "என்ன சொல்றீங்க?" என்று கேட்டார். நான் அவரையே பார்த்துக்கொண்டு நின்றேன். கண்ணில் நீர் வந்தது. சொல் வரவில்லை.

"கண்டில்லே மேடம், பாத்தீங்களா? சொல்ல அவங்களுக்கு ஒண்ணும் இல்ல" என்றார் சூப்ரண்டு சார்.

அந்த அம்மா பேனாவை மூடினார். "பேசாம இருந்தா சம்மதிச்சாங்கன்னு நான் எழுத மாட்டேன். என்ன காரணம்னு யாருக்காவது தெரியுமா?"

வாசலில் நின்ற ஆத்துக்காரர் உள்ளே எட்டிப் பார்த்தார். "இன்னைக்கு அவளுக்கு மௌன விரதம், மேடம்."

அறையில் யாரோ சிரித்தார்கள். அந்த அம்மா சிரிக்கவில்லை. என் பக்கம் திரும்பினார். "தெய்வத்துக்கு நீங்க பேச வேண்டாம், அதுக்குத் தெரியும். எனக்குத் தெரியாது. நீங்க சொன்னாத்தான் தெரியும். வேற நாள் போடறேன், வாங்க."

படியிறங்கும்போது தேம்பி அழுதேன். இத்தனை வெள்ளிக்கிழமையும் பேசுவதற்கு ஆள் வேண்டினேன். பிள்ளையார் காது கொடுக்க ஆள் அனுப்பியிருக்கிறார். வாய் எனக்கு முன்பே கொடுத்ததுதானே?

அடுத்த முறை பேசினேன். சூப்ரண்டு சாரைக் கேள்வி கேட்கவும் அந்த அம்மா எனக்கு இடம் கொடுத்தார். ஒரே கேள்வி கேட்டேன். "மைக் செட்டை எந்தப் பிளக் பாயிண்டில குத்தினீங்க சார்?"

"ஓர்மையில்லை" என்றார். நினைவில்லையாம்.

பாஸ்கரன் சேட்டனை வரவழைத்தார்கள். வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டு நின்றார். "ஃபிரிட்ஜைக் கழட்டித்தான் மைக்கைக் குத்தினது. மருந்து கெடாதான்னு நான் கேட்டேன். பேச்சு முடிஞ்சதும் மாட்டிடலாம்னு சார் சொன்னார். என்னைப் பத்தி நல்லதா நாலு வார்த்தை பேசிட்டிருந்தாங்க, எனக்கும் மறந்துபோச்சு."

குற்றம் நிரூபணமாகவில்லை. திரும்ப வேலையில் சேர்ந்தேன். கோட்டைப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தேன். சில்லு தெறித்து என் காலிலேயே வந்து விழுந்தது.

கதை இங்கே முடிந்திருந்தால் இதை எழுதியிருக்க மாட்டேன்.

அடுத்த மெமோ சூப்ரண்டு சாருக்குப் போனது. ஒரு மழை நாளில் எங்கள் வீட்டு வாசலில் குடையோடு நின்றார். விசாரணையில் துணைக்கு ஒரு சக ஊழியரை வைத்துக்கொள்ளச் சட்டத்தில் இடம் உண்டு. ஆபீஸில் ஒருத்தரும் வரத் தயாராக இல்லை.

"கோமதி, கூட இருப்பீங்களா?"

உள்ளேயிருந்து ஆத்துக்காரர் குரல் வந்தது. "ஏண்டி, காபி கொண்டு வரட்டுமா, இல்ல மறுபடியும் மௌனமா?"

சூப்ரண்டு சார் முகத்தைப் பார்த்தேன். அன்று மெமோத் தாளை வெறித்துக்கொண்டிருந்தபோது என் முகமும் அப்படித்தான் இருந்திருக்கும். கோபம் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன். கோபத்தையும் கூட்டிக்கொண்டுதான் போனேன்.

"நடந்ததை நடந்தபடி சொல்லுங்கோ சார். பொய்க்குத் துணை வரமாட்டேன். உங்களை முழுசாக் கேக்கறவரைக்கும் எழுந்து போகவும் மாட்டேன்."

சொன்னார். தண்டனை வந்தது. ஆனால் அவரைக் கேட்டுவிட்டு வந்தது.

இப்போதும் வெள்ளிக்கிழமை கோவிலுக்குப் போகிறேன். மௌனம் சன்னதிக்குள் மட்டும்தான். வெளியே வந்தால், மெமோ வாங்கி வாயடைத்து உட்கார்ந்திருக்கும் யாராவது ஒருத்தர் பக்கத்தில் போய் உட்காருகிறேன். உங்களுக்கும் அப்படி ஒரு நாள் வந்தால் பிள்ளையாரை நம்புங்கள். கேட்கிற காதை அவர் எங்கிருந்தாவது அனுப்புவார். வந்து சேரும்போது, தயவுசெய்து பேசுங்கள்.