இத்தாலியர் புட்டுத் தின்ற நாவல்

மரியரட்ணம் இத்தாலியை வரைபடத்தில் மட்டும் பார்த்தவர். அதற்காக அவர் தயங்கவில்லை. உலகப் போர் முடிந்த கையோடு, யாழ்ப்பாணத்தில் இருந்தபடியே பாசிசத்தை எதிர்த்து ஒரு தடித்த நாவல் எழுதினார். அதில் இத்தாலியர்கள் காலையில் புட்டும் சம்பலும் சாப்பிட்டுவிட்டுச் சர்வாதிகாரியை எதிர்க்கப் புறப்படுவார்கள். அவருடைய கையெழுத்து கோழிக் கிறுக்கல். ஆகவே மனைவி ஜோசப்பின்தான் முழு நாவலையும் மூன்று தடவை படியெடுத்தார். நாவல் சமூகத்தைத் திருத்தியதோ இல்லையோ, அச்சிட்டவரை நன்றாக வருத்தியது.

1986இல் இருவரும் கனடாவில், ஸ்காபரோவில் மகளின் அடுக்குமாடி வீட்டில் இருந்தார்கள். லிஃப்டில் மரியரட்ணத்திடம் அகப்பட்டவர் யாரும் முதலாம் அதிகாரம் கேட்காமல் இறங்கியதில்லை. அந்தத் தைமாதம் தமிழ்ச் சங்கம் அவருக்குப் பொன்னாடை போர்த்தப்போவதாக அறிவித்தது. மனிதருக்குக் கால் நிலத்தில் பாவவில்லை. ஜோசப்பினுக்கும் உள்ளூரப் பெருமைதான்; கூறைச்சேலையை எடுத்துக் கட்டிக்கொண்டு முன்வரிசையில் போய் உட்கார்ந்தார்.

பொன்னாடை போர்த்தியாயிற்று, கைதட்டியும் ஆயிற்று. சங்கத் தலைவர் ஒலிவாங்கியை விடவில்லை.

"வாக்கெடுப்பு இல்லாமல் நான் எப்பிடித் தலைவரானனான் எண்டு யோகராணி ஊரெல்லாம் கேட்டுத் திரியிறா. அவவின்ர ரெண்டு பிள்ளையளையும் சனிக்கிழமைத் தமிழ் வகுப்பால நிப்பாட்டுவம். சம்மதமான ஆக்கள் கையைத் தூக்குங்கோ."

பின்வரிசையில் யோகராணி பிள்ளைகளை அணைத்தபடி இருந்தாள். அவளைத் திரும்பிப் பார்க்காமலே எல்லோரும் கை தூக்கினார்கள். மேடையில், புதுப் பொன்னாடைக்குள்ளிருந்து மரியரட்ணத்தின் கையும் மெல்ல மேலே வந்தது. ஜோசப்பினை வெட்கம் பிடுங்கித் தின்றது. அவர் தன் கைகளை மடியிலேயே வைத்திருந்தார்.

"அன்ரி, உங்கட கை?" என்றார் தலைவர்.

"தம்பி, இவரின்ர நாவலிலயும் கடைசியில இப்பிடித்தான் கேக்கினம். ஒரு பொம்பிளை மட்டும் தூக்கமாட்டாள். அதை மூண்டு தரம் எழுதின கை இது. எனக்குத் தூக்க வருகுதில்லை."

மரியரட்ணம் கையை இறக்கினார். பொன்னாடையை மடித்துத் தலைவரின் மேசையில் வைத்துவிட்டுப் படியிறங்கினார். அதைப் பார்த்து இன்னும் ஏழெட்டுக் கைகள் இறங்கின. பிறகு பாதிக்கு மேல் இறங்கிவிட்டன. தலைவர் எண்ணிப் பார்க்கவில்லை; தேநீர் இடைவேளை என்று அறிவித்தார்.

பஸ் தரிப்பில் பனி கொட்டியது. மரியரட்ணத்துக்கு மனைவியின் முகத்தைப் பார்க்கத் துணிவு வரவில்லை.

"என்னெண்டு ஜோசப்பின் நான் கையைத் தூக்கினனான்?"

ஜோசப்பின் அவருடைய கழுத்துத் துணியை இழுத்துச் சுற்றிவிட்டார்.

"அந்தப் புத்தகத்தை நீங்களும் ஒருக்கா வாசிச்சுப் பாருங்கோவன்," என்றார். "நல்ல புத்தகம்."