மாமாவின் உயிரும் ஒரு பின்னலும்

சீனாவின் ஜினானில் நான் மாகாணத் தடகள அணிக்குச் செவிலியாக இருந்தபோது, நீளம் தாண்டும் தெங் யூச்சினுக்கு அது கடைசித் தேர்வு. ஆறு மீட்டர் முப்பது தாண்டினால் அணியில் இடம், இல்லையென்றால் வீடு.

முதல் இரண்டு தாண்டலிலும் அவளுடைய நீளப் பின்னல் பின்னால் மணலில் பட்டது. உடம்போ முடியோ, தாண்டுபலகைக்கு மிக அருகில் பட்ட இடம்வரைதான் அளப்பார்கள். இருபது சென்டிமீட்டர் போயிற்று. கொண்டை போட்டாலும் ஓட்டத்தில் அவிழ்ந்தது.

கட்டுத்துணி வெட்டும் கத்தரிக்கோலை எடுத்தேன்.

“ஐயோ அக்கா, புத்தாண்டு பிறந்த முதல் மாசம்! இப்ப முடி வெட்டினா தாய்மாமா செத்துடுவாரு. முன்னாடியே வெட்டிக்க மறந்துட்டேன்.”

தாய்மாமா முன்வரிசையில் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டிருந்தார். அவரிடமே கேட்டேன்.

“வெட்டுங்க நர்சம்மா! நான் போயிட்டா கல்லறையில ‘ஆறு முப்பது’ன்னு பொறிச்சிடுங்க!”

வெட்டினேன். ஆறு மீட்டர் நாற்பத்தொன்று தாண்டினாள். மாமா தடுப்பைத் தாண்டிக் குதித்துக் கணுக்காலைச் சுளுக்கிக்கொண்டார். நான் கட்டுப்போட, அவள் அழுதாள்.

“பலிச்சிடுச்சு மாமா!”

“சுளுக்குதானேடி, கழுதை! செத்தா போனேன்?”

பதினொரு வருடம் அணிக்காகத் தாண்டினாள். ஒவ்வொரு புத்தாண்டுக்கும் முந்தைய வாரம், மாமாவே அவளை முடிதிருத்தும் கடைக்கு இழுத்துப்போவார்.