மோட்டார் சத்தத்துக்கு மேலே

எங்கள் இசைக்குழுவின் நான்காவது ஆல்பம் போன வாரம் வெளியானது. முதல் ஆல்பத்தில் வெறும் கிதார்தான். இரண்டாவதில் தகரப் பீப்பாய்களை அடித்தோம். மூன்றாவதில் லேத் பட்டறை இரைச்சலையே தாளமாக்கினோம். இந்த நான்காவது, ரைஸ் மில் மோட்டாரில் தொடங்குகிறது. அதைக் கேட்டதும் எனக்குத் தவிட்டு வாசனை ஏறித் தொண்டை அரிக்கிறது.

மணலூர்பேட்டையில் அந்த மில்லில்தான் அம்மா நெல் அவித்தாள். முதலாளிக்கு ஒரு வழக்கம். வேலைக்காரர்கள் எதையாவது கேட்க வாயெடுத்தால் மோட்டாரைப் போடச் சொல்வார்.

"பாப்பாவ இஸ்கூல்ல சேக்கணுங்க. அரை நாளு வுடுங்க."

"இன்னாது? காதுல வுழல. டேய், மோட்டாரப் போடு!"

எல்லோரும் சிரித்தார்கள். வழக்கமாக அதோடு பேச்சு முடிந்துவிடும். அம்மா நகரவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு, கழுத்து நரம்பு புடைக்க, அதையே திரும்பத் திரும்பக் கத்தினாள். தெருவில் ஆள் கூடிய பிறகுதான் அவர் போகச் சொல்லிக் கையசைத்தார். எங்கள் குடும்பத்தில் முதலில் பள்ளிக்கூடம் போனவள் நான்.

அந்த மோட்டார் சத்தத்தைப் பதிவு செய்யப் போனபோது முதலாளிக்கு என்னை அடையாளம் தெரியவில்லை. சினிமாவுக்கென்று நினைத்து டீ வாங்கிக் கொடுத்தார். பாடலில் அந்தச் சத்தத்தின் மேல், அன்று கத்தியதையே அம்மாவைக் கத்தவைத்தேன்.

நேற்று அவரே போன் செய்தார்.

"பாப்பா, அந்தப் பாட்ட எடுத்துடும்மா. ஊரே சிரிச்சிக்கினு இருக்குது."

"இன்னாதுங்க? காதுல வுழல" என்றேன். போனை ஸ்பீக்கர் அருகே வைத்துப் பாட்டைப் போட்டேன்.