பாலச்சந்திரன் மற்றும் பிறர்

புணேயில், கோந்த்வா பகுதியில் எங்கள் எதிர் வீட்டுக்காரர் பாலச்சந்திரன். எங்களைப் போலவே கோயம்புத்தூர்ப் பக்கம். கோர்படியில் ரயில்வே உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றவர். போலீஸ் ஸ்டேஷன் இருக்கும் தெருவில் நடக்கக்கூட யோசிக்கிற மனிதர். அவர் பெயரில்தான் மும்பை உயர்நீதிமன்றத்தில் அரசாங்கத்துக்கு எதிராக வழக்கு நடந்தது. கேட்டால் சிரிப்பீர்கள்.

மகள் தேஜஸ்வினியை அரசு மருத்துவக் கல்லூரியில் சேர்த்தபோது குடும்பப் பெயர் என்னவென்று கேட்டிருக்கிறார்கள். நமக்கு ஏது குடும்பப் பெயர்? தன் பெயரையே எழுதிவிட்டார். அன்றிலிருந்து கல்லூரிக்கு அவள் 'பாலச்சந்திரன் தேஜஸ்வினி'. சலுகைக் கட்டணத்தில் படிப்பவர்கள் படிப்பு முடிந்ததும் ஒரு வருஷம் அரசு சொல்லும் ஊரில் வேலை பார்க்க வேண்டும், இல்லாவிட்டால் அபராதம் கட்ட வேண்டும் என்று அப்போதே கையெழுத்தும் வாங்கிக்கொண்டார்கள்.

படிப்பு முடிகிற வருஷம் அவர் மனைவி பாமா போய்ச் சேர்ந்தாள். தேஜுவுக்கு வேலை போட்ட இடமோ கட்சிரோலி, மாநிலத்தின் மறு கோடி. அப்பாவைத் தனியாக விட்டுப் போகமாட்டேன் என்று ஒற்றைக்காலில் நின்றாள். கூடப் படித்த சிலரும் சேர்ந்து வழக்குப் போட்டார்கள். எழுத்து வரிசையில் இவர் பெயர் முதலில் வர, வழக்கே 'பாலச்சந்திரன் மற்றும் பிறர்' ஆகிவிட்டது. மனிதர் வெட்கத்தில் ஒரு வாரம் வாக்கிங் போகவில்லை.

அந்த 'பிறர்' இருக்கிறார்களே, வசதியான வீட்டுப் பிள்ளைகள். அபராதத்தைக் கட்டிவிட்டு ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். கடைசியில் தேஜு மட்டும் நின்றாள். தன்னால் தனியாக இருக்க முடியாது, பார்த்துக்கொள்ள வேறு ஆளில்லை என்று அப்பா ஒரு பிரமாணப் பத்திரம் கொடுத்தால் விலக்குக் கேட்கலாம் என்றார் வக்கீல்.

அதில் பொய் ஏதும் இல்லை. பாமா போனதிலிருந்து அவர் வீட்டு டிவி காலையிலிருந்தே ஓடும். பார்ப்பதற்கில்லை, வீட்டில் ஒரு குரல் கேட்கட்டும் என்று. அவர் அடுப்புப் பற்றவைத்து நான் கண்டதில்லை. அப்பேர்ப்பட்டவர் கையெழுத்துப் போட மறுத்துவிட்டார். தனக்கு ஒரு குறையும் இல்லை, சமையல்கூட வரும் என்று வக்கீலிடம் அடித்துச் சொன்னாராம்.

வழக்கு தள்ளுபடியாயிற்று. பெட்டி கட்டும்போது, அப்பாவுக்கு நான் வேண்டாதவளாகிவிட்டேன் என்று தேஜு என்னிடம் அழுதாள். எனக்கு வந்த ஆத்திரத்தில், அவளை ரயிலேற்றிவிட்டுத் திரும்பியவரை வாசலிலேயே பிடித்துக்கொண்டேன்.

"ஏனுங்ணா, புள்ளைய இப்படி அழ வெச்சு அனுப்பறீங்களே, மனசுன்னு ஒண்ணு இருக்குதா உங்களுக்கு?"

அவர் சாவியைத் தேடிக்கொண்டே சொன்னார்.

"கையெழுத்துப் போட்டிருந்தா அவ ஜெயிச்சிருப்பா மல்லிகா. அப்புறம் எனக்குக் காவல் உக்காந்தே அவ காலம் போயிருக்கும். நான் எப்பச் சாவேன்னு பாத்துக்கிட்டா இருக்கச் சொல்ற? இதை அவகிட்டச் சொல்லிறாத."

சாவி கிடைத்ததும் நானே வாங்கிக் கதவைத் திறந்துவிட்டேன்.

இப்போது தினமும் சாயங்காலம் அவள் கூப்பிடுகிறாள். நேற்று நான் சப்பாத்தியும் குருமாவும் கொண்டுபோன நேரத்தில் போன் வந்தது. தட்டை மடியில் வைத்துக்கொண்டே, ரசம் வைத்தேன், கத்தரிக்காய் வதக்கினேன் என்று அளந்தார். பாவம், அவளும் நம்பினாள். நோயாளிகள் காத்திருக்கிறார்கள் என்று சீக்கிரமே வைத்துவிட்டாள். அவர் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. அப்படியே சாப்பிட்டு முடித்தார். எனக்கு வீட்டில் வேலை கிடந்தது. கிளம்ப எழுந்தேன்.

"அந்தத் தட்டைக் கழுவித் தந்தர்றேன் மல்லிகா," என்றார். "அது வரைக்கும் உக்காரு."

உட்கார்ந்தேன். ஒற்றைத் தட்டு. வெகுநேரம் கழுவிக்கொண்டே இருந்தார்.