அலிஸ்டர் தேறாதென்ற துப்பாக்கி

அலிஸ்டர் கத்ரி நல்ல மனிதன். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். போகப் போகக் கோபத்தில் மறந்துவிடுவேன்.

சவுத்லாந்தில், மடௌரா ஆற்றங்கரையில், எனக்கு ஒரு கடை இருக்கிறது. ரப்பர் பூட்ஸ், ஆட்டுக்குப் பூச்சிமருந்து, வேலிக்கம்பி எல்லாம் விற்கிறேன். அவற்றை யாரும் மறுபேச்சில்லாமல் வாங்கிப் போவார்கள். துப்பாக்கி என்று வந்தால் மட்டும், நான் தொண்டை வறளப் பேசி முடித்த பிறகு, "அது கிடக்கட்டும் கெவ், அலிஸ்டர் என்ன சொன்னான்?" என்பார்கள். கடை என்னுடையது, வாடகை கட்டுவது நான், தீர்ப்புச் சொல்வது அவன்!

கல்யாணத்துக்கு முன்னால் அரசாங்கச் சம்பளத்தில் மலைமலையாக அலைந்து, அளவுக்கு மீறிப் பெருகிய மான்களைச் சுட்டவன் அலிஸ்டர். பிறகு ஓய்வு பெறும்வரை பள்ளிப் பேருந்து ஓட்டினான். அவன் தீர்ப்புச் சொல்லாத பொருள் ஊரில் கிடையாது. பேக்கரியில் இறைச்சி அடைத்துச் சுட்ட 'பை' வாங்கினால் முதலில் அடியைத் திருப்பிப் பார்ப்பான். பாதிரியார் புதுச் செருப்புப் போட்டுக்கொண்டு வந்தால் குனிந்து வளைத்துப் பார்ப்பான்.

துப்பாக்கிக்கு அவன் வைத்திருந்த பரீட்சை பெரியது. முதலில் மீன் நிறுக்கும் தராசில் தொங்கவிடுவான். அடுத்து ஐந்து டாலர் நோட்டு ஒன்றைக் குழலுக்கும் அதைத் தாங்கும் மரக்கட்டைக்கும் நடுவே விட்டு இழுப்பான். நோட்டு எங்கும் சிக்காமல் வந்தால் குழல் தொடாமல் நிற்கிறது என்று பொருள். பிறகு கண்ணை மூடிக்கொண்டு தோளில் ஏற்றி, அப்படியே கண்ணைத் திறப்பான். ஸ்கோப்பில் நடுவட்டம் நேராகத் தெரிய வேண்டும். இவ்வளவும் ஆன பிறகுதான் ஊர்த் துப்பாக்கி கிளப்பில் மணல்மூட்டையில் சாய்த்துச் சுடுவது. கடைசியில் அங்கிருக்கும் பலகைமேல் ஏறி நின்று தொண்டையைச் செருமி, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி தன்னையே கேட்டுக்கொள்வான்: "இதை நான் மலைக்குக் கூட்டிட்டுப் போவேனா, மாட்டேனா?"

போவேன் என்றால் அது அன்றைக்கே விற்றுவிடும். மாட்டேன் என்றால் என் அலமாரியில் தூசி படிய நிற்கும். இந்தக் கோடையில் வரிசையாக இரண்டு துப்பாக்கிகளை மாட்டேன் என்றுவிட்டான். இரண்டும் அருமையானவை. நான் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் அவன் மனைவி ரேவின் கடைக்கு வந்தாள்.

ரேவின் நாற்பது வருஷமாக அவன் கழித்துப்போட்ட துப்பாக்கிகளால் சுட்டவள். அவன் நெட்டை, கைகளும் நீளமானவை. அவள் என் கல்லாமேசைக்கு மேல் தலை மட்டும் தெரிகிற உயரம். அவன் அளவுக்கு நீண்ட அந்தத் துப்பாக்கிக் கட்டைகளுக்கு அவள் கழுத்தை நீட்டி நீட்டியே காலத்தை ஓட்டியிருந்தாள். அன்றைக்கு ஒரு துப்பாக்கியை எடுத்துக் கன்னத்தில் வைத்தவள், வைத்தபடியே நின்றுவிட்டாள்.

"கெவ், இது எனக்காகவே செஞ்ச மாதிரி இருக்கு."

"ரெண்டுக்கும் வருமான்னு பாத்துக்க. மலைக்கும் வேணும், கிளப்ல இலக்குக்கும் வேணும்ங்கற. இது லேசு. கொஞ்சம் உதைக்கும்."

"கல்யாணம் ஆனவளுக்கு இந்த உதையெல்லாம் ஒரு உதையா? ஏப்ரல்ல வேட்டைக் காலம் வந்து மான் கத்த ஆரம்பிக்கறப்போ என் கையில என் சொந்தத் துப்பாக்கி இருக்கணும்."

சரி, அந்த மாதக் கடைசி ஞாயிறுவரை வைத்துப் பார், பிடிக்காவிட்டால் திருப்பிக் கொடு என்றேன். அப்படிச் சொன்னது என் முட்டாள்தனம். அலிஸ்டர் அதைப் பரிசோதிக்காமல் விடுவானா?

தராசில் தேறியது. நோட்டு வழுக்கிக்கொண்டு வந்தது. கண்ணைத் திறந்தால் வட்டம் நடுவில். பிறகு சுட்டான். இலக்குத் தாளில் ஓட்டைகள் கோழிக்குத் தீனி இறைத்தாற்போல் சிதறிக் கிடந்தன. மறுபடி சுட்டான். இன்னும் மோசம்.

"குழல் சரியில்ல. திருப்பிக் குடுத்துடு," என்றான்.

"நான் ஒரு தடவ சுட்டுப் பாக்கறேனே."

"கெட்டத எதுக்கும்மா சுட்டுப் பாக்கற? தோட்டாதான் தண்டம்."

ரேவின் துப்பாக்கியைத் துடைத்து உறையில் போட்டாள். 

புதன்கிழமை அவன் மீன்பிடிக்கப் போயிருந்தபோது, அதே துப்பாக்கியோடு அவளும் நானும் கிளப்புக்குப் போனோம். அவள் ஐந்து முறை சுட்டாள். ஐந்து ஓட்டைகளையும் நான் ஒற்றை நாணயத்தால் மூடினேன். நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

"அப்ப அந்த ரெண்டு துப்பாக்கியும்..." என்றேன்.

"அதுங்களும் நல்லாத்தான் இருந்திருக்கும். போன குளிர்காலத்துல அவனை ஒரு கிடா முட்டிச்சே, ஞாபகம் இருக்கா? ஒண்ணுமில்ல ஒண்ணுமில்லன்னான். தெனம் தைலம் தேய்ச்சுக்கறான். கோட்டுப் போடறப்போ முனகறான். தோளு அடிக்குப் பயப்படுதுப்பா. வெடிக்கறதுக்கு முன்னாடியே துள்ளுது."

"சொல்லிட வேண்டியதுதானே?"

"நான் சொன்னா நம்புவானா? குழல்ம்பான், காத்தும்பான், தோட்டா ஈரம்பான். அவன் ஒடம்பே அவனுக்குச் சொல்லணும். உன்கிட்ட மருந்தில்லாத தோட்டா இருக்கில்ல? பழகறவங்க துள்ளறாங்களான்னு பாக்கக் குடுப்பியே."

இருந்தது. கொடுத்தேன். கொடுத்த பிறகுதான் யோசித்தேன். மற்றதெல்லாம் அவனுக்குப் பொழுதுபோக்கு. ஊர் அவன் பேச்சைக் கேட்பது ஒன்றுதான் அவன் சொத்து. அது போனால் என்ன மிச்சம்?

ஞாயிற்றுக்கிழமை கிளப்பில் நல்ல கூட்டம். சுடுமேடைக்கு அன்றைக்கு நான்தான் பொறுப்பு. "திருப்பிக் குடுக்கறதுக்கு முன்னாடி கடைசியா ஒரு தடவ எல்லார் முன்னாடியும் பாத்துடு," என்று ரேவின் அவனை உட்காரவைத்தாள். தோட்டாக்களை அவளே நிரப்பிக் கொடுத்தாள். அவனும் பெரிய மனது பண்ணி உட்கார்ந்தான்.

முதல் வெடி. இரண்டாவது வெடி. மூன்றாவதற்கு, 'டிக்' என்று ஒரு சத்தம்தான்.

வெடி இல்லை, புகை இல்லை. ஆனால் துப்பாக்கி முனை மட்டும் புல்லைக் குத்துகிறாற்போல் கீழே போயிற்று. தோள் காதுவரை ஏறியிருந்தது. கண் இரண்டும் இறுக மூடியிருந்தன. அவன் மட்டும் அதைப் பார்க்கவில்லை. நாங்கள் எல்லாரும் பார்த்தோம்.

தோட்டா வெடிக்காவிட்டால் முனையை இலக்கைப் பார்த்து வைத்து அரை நிமிடம் காத்திருக்க வேண்டும். அதுதான் விதி, அவன்தான் எங்கள் எல்லாருக்கும் அதைக் கற்றுக்கொடுத்தவன். "யாரும் அசையாதீங்க," என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. அந்த அரை நிமிடம் அவன் அப்படியே உட்கார்ந்திருந்தான். தாழ்ந்துபோன முனையைப் பார்த்தான். மெதுவாக அதை மேலே தூக்கி நேராக வைத்தான். காதிலிருந்து கழுத்துவரை சிவந்துவிட்டது. எழுந்து போய்விடுவான், இனி இந்தப் பக்கமே வரமாட்டான் என்று நினைத்தேன். அலமாரியில் எல்லாத் துப்பாக்கியும் தூசி பிடித்துப் போகட்டும், இவன் போகவேண்டாம் என்று இருந்தது.

நேரம் ஆனதும் போல்ட்டை இழுத்துத் தோட்டா அறையைத் திறந்தான். தோட்டாவை எடுத்துக் காதோரம் ஆட்டிப் பார்த்தான்.

"யார் வேலை இது?"

"என் வேலைதான்," என்றாள் ரேவின்.

"நல்ல வேலை," என்றான்.

துப்பாக்கியைப் பத்திரமாகப் படுக்கவைத்தான். பிறகு பலகைமேல் ஏறி நின்று தொண்டையைச் செருமினான். 

"இன்னைக்குப் பரிசோதனைக்கு வந்தது: அலிஸ்டர் கத்ரி. அம்பத்துநாலாம் வருஷத்து மாடல். உள்ளூர்த் தயாரிப்பு. எடை, தராசு தாங்கல. கட்டையில ஒரு விரிசல், கிடா முட்டினது. விக்கறவங்க அத மறைச்சிருக்காங்க. வாய் மட்டும் நல்லா வேலை செய்யுது. சுடறதுக்கு முன்னாடியே துள்ளுது. ரெண்டு மூணு நல்ல துப்பாக்கிங்களக் கெட்ட பேரு வாங்க வச்சிருக்கு."

முதலில் என் பக்கத்தில் ஒருவன் சிரித்தான். பிறகு எல்லாரும் சிரித்தோம். எனக்குக் கண்ணில் நீர் வந்தது, சிரிப்பினால் மட்டும் அல்ல.

"இலக்குக்கு ஆகாது," என்றான் அலிஸ்டர். "மலைக்கு..."  மறுபடி செருமினான். "இதை மலைக்குக் கூட்டிட்டுப் போவேனா, மாட்டேனா..."

 பலகைமேல் கையைத் தொங்கவிட்டுக்கொண்டு நின்றான். சிரிப்பு அடங்கிவிட்டது.

ரேவின் அதுவரை தன் துப்பாக்கியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சொன்னாள்:

"நான் கூட்டிட்டுப் போவேன்யா. துப்பாக்கி என் தோள்ல இருக்கட்டும். நீ சாப்பாட்டுப் பையத் தூக்கிட்டு வா."

அவன் இறங்கி வந்தான். பெஞ்சுமேல் கிடந்த பையை எடுத்து நல்ல தோளில் மாட்டினான்.  பிறகு அதன் வாரை இரண்டு தடவை இழுத்துப் பார்த்தான்.

"இதோட தையல் சரியில்ல," என்றான்.